கட்டடத்துக்குக் காவல், மனுவுக்கு லத்தி

திங்கக்கிழமை காலையில் கொக்கிரகுளம் கலெக்டர் ஆபீஸ் வாசலில் போய் நின்று பாருங்கள் தோழர்களே. மனுநாள். அம்பாசமுத்திரம் பக்கமிருந்தும் நாங்குநேரி பக்கமிருந்தும் முதல் பஸ் பிடித்து வந்த சனம் வரிசையில் நிற்கும். மஞ்சப்பையைத் திற. சோத்துச் சட்டியைத் திற. தண்ணி பாட்டிலைத் திற. திறந்த பாட்டிலை ஒரு போலீஸ்காரர் மூக்குக்குக் கிட்டே கொண்டுபோய் மோந்து பார்ப்பார். மண்ணெண்ணெயா, பெட்ரோலா, தண்ணியா? தண்ணிதான் என்று அவர் மூக்கு சாட்சி சொன்ன பிறகுதான் நாம் உள்ளே போகலாம்.

அந்த வரிசையில் என் அத்தையோடு நானும் நின்றேன். அத்தை மாஞ்சோலை எஸ்டேட்டில் கொழுந்து பறித்தவள். 2024-இல் கம்பெனி கடையைக் கட்டிக்கொண்டு, விருப்ப ஓய்வு என்று பேர் வைத்து எல்லாரையும் கீழே இறங்கச் சொன்னதே, அந்தக் கூட்டத்தில் ஒருத்தி. குடியிருக்க ஒரு துண்டு இடம் கேட்டு மனு. பாட்டிலை வாங்கி மோந்தவரிடம் சொன்னாள்: "தண்ணிதான்யா. தீ வைக்க எங்கிட்ட என்ன இருக்கு?"

அவர் சிரித்துவிட்டார். கெட்ட மனிதர் இல்லை. மேலே சொன்னதைச் செய்கிறார். என் சண்டை அவரோடு இல்லை. என் கேள்வி இது: அரசாங்கக் கட்டடத்துக்குக் காவல் என்கிறீர்களே, யாரிடமிருந்து யாருக்குக் காவல்? அந்தக் காவலைக் கண்காணிப்பது யார்?

அத்தைக்கு இந்த வாசல் புதுசு இல்லை. 1999 ஜூலை 23-ஆம் தேதியும் வந்தாள். அப்போது எனக்கு 11 வயசு. மாமா திருச்சி ஜெயிலில் இருந்தார். அவரைப் போல 600-க்கும் மேற்பட்ட எஸ்டேட் தொழிலாளிகள், பெண்களும் சேர்த்து, கூலி உயர்வு கேட்ட குற்றத்துக்காக உள்ளே கிடந்தார்கள். அவர்களை விடுதலை செய், கூலியை உயர்த்து என்று மனு கொடுக்க ஜங்ஷன் பக்கமிருந்து ஊர்வலம் கிளம்பியது. புதிய தமிழகமும் டாக்டர் கிருஷ்ணசாமியும் முன்னால். தமிழ் மாநில காங்கிரஸ்காரர்களும் இடதுசாரித் தோழர்களும் கூட. பிள்ளையை இடுப்பில் வைத்துக்கொண்டு வந்த பெண்கள் எத்தனையோ பேர். சண்டைக்குப் போகிறவள் இடுப்பில் பிள்ளையை வைத்துக்கொண்டு போவாளா?

கலெக்டர் ஆபீஸுக்கு முன்னால் போலீஸ் மறித்தது. எத்தனை பேர் உள்ளே போகலாம், வண்டி போகலாமா கூடாதா என்று வாக்குவாதம். அதற்குள் லத்தி, கண்ணீர்ப்புகை, துப்பாக்கிச் சத்தம். ரோட்டின் ஒரு பக்கம் கட்டடம், மறு பக்கம் தாமிரபரணி. கட்டடத்தின் பக்கம் போலீஸ் நின்றது. சனம் வேறு எங்கே போகும்? ஆத்துக்குள் குதித்தது. குதித்தவர்களையும் விடவில்லை. இறங்கி அடித்தார்கள், கல்லெறிந்தார்கள். ஆர்.ஆர். சீனிவாசன் எடுத்த 'நதியின் மரணம்' ஆவணப்படத்தைப் பாருங்கள். 17 பேர் செத்தார்கள். அதில் இரண்டு பெண்கள், ஒரு கைக்குழந்தை. செத்தவர்களில் பெரும்பாலோர் நம் சனம்.

அத்தை மறுநாள்தான் வீடு வந்தாள். ஜாக்கெட்டுக்குள் மனு இருந்தது. நனைந்து ஒட்டிப்போயிருந்தது. அம்மா அதை வெயிலில் காயப்போட்டது எனக்கு ஞாபகம் இருக்கிறது. மை கலைந்து, 'மாண்புமிகு' மட்டும் தெரிந்தது.

நீதிபதி மோகன் கமிஷன் வந்தது. பெரும்பாலோர் நீரில் மூழ்கிச் செத்தார்கள் என்று எழுதியது. மூழ்கினார்கள், சரி. நீச்சல் பழகவா போனார்கள்? விரட்டியவன் யார் என்பதுதானே கேள்வி. அந்த 17 பேருக்காக ஒரு போலீஸ்காரரும் ஜெயிலுக்குப் போகவில்லை. கட்டடத்துக்கு என்ன ஆச்சு? ஒன்றும் ஆகவில்லை. காவல் வெற்றி.

இதே திருநெல்வேலியில் கட்டடங்கள் நிஜமாகவே எரிந்த ஒரு நாள் உண்டு. 1908 மார்ச் 13. வ.உ.சி.யையும் சுப்பிரமணிய சிவாவையும் முதல்நாள் கைது செய்திருந்தார்கள். ஊர் பொங்கியது. நகரத்திலிருந்த அரசாங்கக் கட்டடங்களில் சப் ரிஜிஸ்திரார் ஆபீஸ் தவிர மற்ற எல்லாம் தாக்கப்பட்டன, தஸ்தாவேஜுகளுக்கும் மேஜை நாற்காலிகளுக்கும் தீ வைத்தார்கள், முனிசிபல் ஆபீஸ் முற்றாக எரிந்தது, கலவரத்துக்காக 27 பேர் தண்டிக்கப்பட்டார்கள் என்று 1918-இல் ரௌலட் கமிட்டி எழுதிவைத்தது. வெள்ளைக்காரக் கலெக்டர் விஞ்ச் காலத்தில் நடந்த துப்பாக்கிச் சூட்டில் செத்தவர்கள் நான்கு பேர்.

கணக்குப் பாருங்கள். நான் பேங்க் குமாஸ்தா, கணக்கு என் பிழைப்பு. கட்டடத்தை எரித்ததற்கு அந்நிய ஆட்சி கொன்றது 4 பேர். மனு கொடுக்க வந்ததற்கு சுதந்திர நாட்டில் செத்தது 17 பேர். 1908-ஐ எழுச்சி என்கிறோம். என்ன தப்பு? எனக்கும் அதில் பெருமைதான். 1999-ஐ மட்டும் ஏன் 'சட்டம் ஒழுங்குப் பிரச்சினை' என்கிறீர்கள்? எரித்த கூட்டம் வரலாறு, மனு கொடுத்த கூட்டம் கலவரக் கும்பல் என்று பிரித்துக் கொடுத்தது எந்தச் சாதியின் பேனா?

1949 நவம்பர் 25-ஆம் தேதி அரசியல் நிர்ணய சபையில் அம்பேத்கர் பேசினார். ரத்தக்களரி வழியை விடுங்கள், மறியலையும் சத்தியாக்கிரகத்தையும்கூட விடுங்கள், அரசியல் சட்ட வழி திறந்திருக்கும்போது அதில் நடங்கள் என்பது அவர் சொன்னதன் சாரம். நாம் நடந்தோம். மனுவை விடச் சட்டப்பூர்வமான ஆயுதம் என்ன இருக்கிறது? ஆயுதமில்லாமல் அமைதியாகக் கூடும் உரிமை என்று 19-ஆவது பிரிவில் எழுதியிருக்கிறதே, அதுதான் நம் கையில் இருந்தது. திறந்திருக்கும் என்று பாபாசாகேப் நம்பிச் சொன்ன கதவில் லத்தியைக் குறுக்கே போட்டவர்கள்தான் அரசியல் சட்டத்தை அவமதித்தவர்கள்.

சரி, அந்தப் பாட்டில் கதைக்கு வருவோம். மோந்து பார்க்கிற வழக்கம் எப்படி இத்தனை கெடுபிடியானது? 2017 அக்டோபர் 23, அதுவும் திங்கக்கிழமை. கந்துவட்டிக் கொடுமையில் நொந்த ஒரு கூலித் தொழிலாளி, மனைவி, இரண்டு பச்சைப் பெண்குழந்தைகள். பலமுறை மனு கொடுத்தும் ஒன்றும் நடக்காமல் இதே வளாகத்தில் தீ வைத்துக்கொண்டார்கள். நான்கு பேரும் போய்விட்டார்கள். நாடே பார்த்து அழுதது. அதைக் கார்ட்டூனாகப் போட்டவரைக் கைது செய்தது அரசு.

அதற்குப் பிறகு என்ன செய்திருக்க வேண்டும்? மேஜை மேல் கிடந்த மனுக்களையல்லவா மோந்து பார்த்திருக்க வேண்டும்? எந்த மனுவில் தீ வாசம் வருகிறது, எது எத்தனை தடவை திரும்பி வந்தது, எந்த ஸ்டேஷனில் அமுக்கினார்கள்? கந்துவட்டியைத் தடுக்க 2003-இலேயே தமிழ்நாட்டில் சட்டம் இருக்கிறது. அந்தச் சட்டத்துக்கு வாசலில் ஒரு காவலாள் போட்டிருந்தால் அந்தக் குழந்தைகள் இன்று பள்ளிக்கூடம் போய்க்கொண்டிருக்கும். அதற்குப் பதிலாக கேனைத் தேடினார்கள். உள்ளே நடந்தால்தானே அவமானம்? வெளியே எங்கேயாவது சாகட்டும். காவல் மறுபடியும் கட்டடத்துக்குத்தான், உயிருக்கு இல்லை.

ஆறு கொக்கிரகுளத்தோடு நிற்கவில்லை. கிழக்கே ஓடி, முன்பு நம் ஜில்லாவாக இருந்து 1986-இல் பிரிந்துபோன தூத்துக்குடிச் சீமையில் கடலில் விழுகிறது. அங்கேயும் ஒரு கலெக்டர் ஆபீஸ். 2018 மே 22. ஸ்டெர்லைட்டை மூடு என்று போராடிய சனம் நூறாவது நாள் அந்தக் கட்டடத்தை நோக்கி நடந்தது. 13 பேரைச் சுட்டுக் கொன்றார்கள். கலெக்டர் ஆபீஸைக் காப்பாற்றச் சுட்டோம் என்றார்கள். ஓய்வுபெற்ற நீதிபதி அருணா ஜெகதீசன் ஆணையத்தின் அறிக்கை 2022 அக்டோபரில் சட்டமன்றத்துக்கு வந்தது. சுடுவதற்கான நிர்ப்பந்தமே இல்லை, ஓடியவர்களைச் சுட்டிருக்கிறார்கள் என்றது. போலீஸார் 17 பேர் மீதும் அன்றைய கலெக்டர் மீதும் நடவடிக்கை எடுக்கச் சொன்னது. அங்கே செத்தவர்களில் எல்லாச் சாதியும் எல்லா மதமும் உண்டு. கொக்கிரகுளத்தில் நம்மை அடித்தபோது 'அவங்க ஆளுகதானே' என்று திண்ணையில் உட்கார்ந்திருந்தவர்களுக்கு 19 வருஷம் கழித்துப் புரிந்திருக்கும். சேரிச் சனத்தின் மேல் பழகிய துப்பாக்கி சேரியோடு நிற்காது.

'அப்போ காவலே வேண்டாம்கியா?' என்று கேட்பீர்கள். வேண்டும் அய்யா, வேண்டும். வேண்டிய இடத்தில் அது எங்கே போச்சு என்பதுதான் என் அடுத்த கேள்வி.

2024 டிசம்பர் 20. பாளையங்கோட்டை கோர்ட் வாசல். வழக்குக்கு வந்த ஒரு இளைஞனைப் பட்டப்பகலில் ஒரு கும்பல் விரட்டி வெட்டிக் கொன்றது. ஓடிப்போய் ஒருவனைப் பிடித்தவர் ஒரு சிறப்பு எஸ்.ஐ. மற்ற போலீஸார் என்ன செய்துகொண்டிருந்தார்கள் என்று ஹைகோர்ட்டே தானாக முன்வந்து கேட்டது. அதன் பிறகுதான் கோர்ட்டுகளுக்குத் துப்பாக்கியோடு போலீஸ் போட்டார்கள். மனு கொண்டு வந்தவனிடம் பாயத் தெரிந்த காவல், அரிவாள் கொண்டு வந்தவனிடம் ஏன் மரமாக நின்றது?

இன்னொன்று. பஞ்சாயத்து ஆபீஸும் அரசாங்கக் கட்டடம்தானே? அதில் உட்காரப் போன நம் ஆட்களுக்கு எந்தக் காவல் இருந்தது? தாழையூத்து பஞ்சாயத்துத் தலைவர் கிருஷ்ணவேணி, அருந்ததியர் பெண். மிரட்டல் இருக்கிறது என்று புகார் மேல் புகார் கொடுத்தார். 2011 ஜூனில் அவரை வெட்டிக் குற்றுயிராகப் போட்டார்கள். பிழைத்தது அவர் வைராக்கியம். குற்றவாளிகளுக்குத் தண்டனை 2024-இல்தான் வந்தது. 1997-இல் மேலவளவு முருகேசனும் மதுரையில் கலெக்டர் ஆபீஸுக்குப் போய்விட்டு பஸ்ஸில் திரும்பும்போதுதான் கூட வந்தவர்களோடு வெட்டப்பட்டார். கட்டடத்துக்குள் வரும் தலித்திடமிருந்து கட்டடத்துக்குக் காவல் உண்டு. கட்டடத்திலிருந்து வெளியே போகும் தலித்துக்குக் காவல் இல்லை. இதுதான் எழுதாத நிலையாணை.

இப்போது முக்கியமான இடத்துக்கு வருகிறேன். காவலைக் கண்காணிப்பது யார்?

2006 செப்டம்பரில் பிரகாஷ் சிங் வழக்கில் சுப்ரீம் கோர்ட் ஏழு உத்தரவு போட்டது. அதில் ஒன்று, போலீஸ் மேல் வரும் புகாரை விசாரிக்க மாநிலத்துக்கு ஒன்று, மாவட்டத்துக்கு ஒன்று என்று தனி ஆணையங்கள் வேண்டும் என்பது. மாவட்டத்தில் ஓய்வுபெற்ற ஜில்லா ஜட்ஜ் தலைமை. மாநிலத்தில் ஓய்வுபெற்ற ஹைகோர்ட் அல்லது சுப்ரீம் கோர்ட் ஜட்ஜ் தலைமை. தமிழ்நாட்டு அரசு என்ன செய்தது? 2013-இல் காவல் சீர்திருத்தச் சட்டம் என்று ஒன்றைக் கொண்டு வந்தது. மாநில ஆணையத்துக்குத் தலைவர் உள்துறைச் செயலாளர், உறுப்பினர் டி.ஜி.பி. மாவட்ட ஆணையத்துக்குத் தலைவர் கலெக்டர், உறுப்பினர் எஸ்.பி.

புரிகிறதா தோழர்களே? கலெக்டர் ஆபீஸ் வாசலில் எஸ்.பி.யின் போலீஸ் உங்களை அடித்தால், அடித்தது சரியா என்று விசாரிக்க வேண்டியவர்கள் அந்தக் கலெக்டரும் அந்த எஸ்.பி.யும். அடிபட்டவன் புகார் கொடுக்க மறுபடியும் அதே வாசலுக்குத்தான் வரவேண்டும். பாட்டிலை மோந்து பார்த்துவிட்டு உள்ளே விடுவார்கள். ஆடு திருடு போனால் ஓநாயிடம் பிராது கொடு என்கிற சட்டம். இதற்குச் சீர்திருத்தம் என்று பேர்.

வெளியே பாருங்கள். 1995-இல் அமெரிக்காவில் ஓக்லஹோமா நகரத்து அரசாங்கக் கட்டடத்தைக் குண்டு வைத்துத் தகர்த்தார்கள், 168 பேர் செத்தார்கள். அதே வருஷம் அரசாங்கக் கட்டடங்களின் பாதுகாப்புக்கு விதி வகுக்க ஒரு குழு போட்டார்கள். 2009-இல் அந்நாட்டுப் பாராளுமன்றத்தின் தணிக்கைத் துறை ஆட்கள் வேஷம் மாறி, குண்டு செய்யும் சாமான்களோடு 10 கட்டடங்களுக்குள் போய்ப் பார்த்தார்கள். பத்திலும் காவலைத் தாண்டி நுழைந்துவிட்டார்கள். அதைப் பாராளுமன்றத்தில் பகிரங்கமாகச் சொன்னார்கள். நான் அமெரிக்காவைப் புகழ வரவில்லை. அங்கத்தே போலீஸைப் பற்றிக் கறுப்பின மக்களிடம் கேளுங்கள், நம்ம கதையைச் சொல்வார்கள். நான் சொல்வது ஒன்றுதான்: காவலைச் சோதிக்கிறவன் காவலுக்கு வெளியே இருந்து வரவேண்டும். அந்தச் சின்ன நியாயம்கூட நம் வாசலில் இல்லை.

ஊரைத் திட்டியாச்சு. இனி என்னைத் திட்டிக்கொள்ள வேண்டும்.

எங்கள் கிளை வாசலிலும் ஒரு செக்யூரிட்டி அண்ணாச்சி நிற்கிறார். ஏஜென்சி ஆள். நம்ம தெருக்காரர். தனியார் காவல் ஏஜென்சிகளுக்கு 2005-இல் ஒரு சட்டம் உண்டு. காவலுக்கு வருகிறவருக்கு 100 மணி நேரம் வகுப்பு, 60 மணி நேரம் களப்பயிற்சி என்று விதி சொல்கிறது. அவரிடம் கேட்டேன். "ஒரு சட்டையும் ஒரு விசிலும் குடுத்தாவ. மறுநாளே நிக்கச் சொல்லிட்டாவ" என்றார். அவருக்குச் சம்பளம் ஒழுங்காக வருகிறதா, பி.எஃப். கட்டுகிறார்களா என்று எந்த அதிகாரியும் வந்து கேட்டதை நான் பார்த்ததில்லை. அவருக்கு மேலிடம் கொடுத்த உத்தரவு ஒன்று: 'கூட்டத்தை உள்ளே விடாதே.' கூட்டம் என்றால் யார்? நகைக்கடன் வாங்க காரில் வருகிறவர் கூட்டம் இல்லை. நூறு நாள் வேலைச் சம்பளம் எடுக்க பாஸ்புக்கோடு வருகிற பெண்கள்தான் கூட்டம். வெயிலில் படிக்கட்டில் உட்காரவைப்பார். நான் கண்ணாடிக்குள் ஏ.சி.யில் உட்கார்ந்து நோட்டு எண்ணுவேன். கவிதை எழுதுகிற கை.

ஒருநாள் தலையைத் தூக்கிப் பார்த்தேன். படிக்கட்டில் அத்தை. ஒரு மணி நேரமாக உட்கார்ந்திருக்கிறாள். ஓடிப்போய் உள்ளே கூட்டிவந்தேன். "எம் பேரைச் சொல்ல வேண்டியதுதானே?" என்றேன். "ஒம் பேரைச் சொல்லி நா வந்துருவேன்லே. பெறத்தால இருக்கவளுக யார் பேரைச் சொல்லுவாளுக?" என்றாள். பெறகு மெதுவாகச் சொன்னாள்: "கொக்கிரகுளத்து வாசலும் ஒங்க வாசலும் ஒண்ணு மாதிரிதாம்ல இருக்கு."

செருப்பால் அடித்திருந்தால்கூட ஆறியிருக்கும். நம் அண்ணாச்சியை வாசலில் நிறுத்தி நம் அத்தையைத் தடுக்க வைப்பதுதான் இந்த அமைப்பின் சாமர்த்தியம். உள்ளே ஒரு தலித் குமாஸ்தா, வாசலில் ஒரு தலித் காவலாள், படிக்கட்டில் ஒரு தலித் கிழவி. மூன்று பேரையும் மூன்று படியில் நிறுத்தியவன் எங்கேயோ மாடியில். மறுநாள் மேலாளரிடம் போய் வாதாடினேன். இப்போது உள்ளே பெஞ்சு போட்டிருக்கிறது, டோக்கன் கொடுக்கிறோம். வங்கி கொள்ளை போய்விடவில்லை. பெருமைக்குச் சொல்லவில்லை. பத்து வருஷம் அந்தக் கண்ணாடிக்குள் இருந்துவிட்டு இதைச் செய்தேன் என்ற வெட்கத்தோடு சொல்கிறேன்.

ஆகவே கேட்கிறேன், கெஞ்சிக் கேட்கவில்லை.

போலீஸ் மேல் வரும் புகாரை விசாரிக்கிற ஆணையத்தில் கலெக்டரும் எஸ்.பி.யும் உட்காரக் கூடாது. சுப்ரீம் கோர்ட் சொன்னபடி நீதிபதி தலைமை வேண்டும். அதில் தலித்துகளும் பெண்களும் இருக்க வேண்டும். அது கூடுகிற இடம் கலெக்டர் ஆபீஸாக இருக்கக் கூடாது.

வாசல் காவலுக்குக் கொடுத்த உத்தரவைத் தமிழில் எழுதி வாசலிலேயே ஒட்டு. எதைச் சோதிக்கலாம், எதைச் சோதிக்கக் கூடாது, யார் கையெழுத்துப் போட்ட உத்தரவு என்று சனத்துக்குத் தெரியட்டும்.

கூட்டம் வந்தால் போலீஸுக்கு முன்னால் கலெக்டர் இறங்கி வரட்டும். மாடிப்படி அத்தனை உயரம் ஒன்றும் இல்லை.

ஏஜென்சி காவலாளுக்குச் சட்டப்படி பயிற்சி, சட்டப்படி கூலி. அதைச் சோதித்த அறிக்கை பகிரங்கமாக வரட்டும்.

மூன்று தடவை திரும்பி வந்த மனுவுக்கு அதைத் திருப்பிய அதிகாரி பேரோடு பதில் சொல்லட்டும். பாட்டிலைச் சோதிப்பதை விட உயிரைக் காப்பாற்றுகிற காவல் இதுதான்.

ஒரு அரசாங்கக் கட்டடம் பத்திரமாக இருக்கிறதா என்பதற்கு என் அளவுகோல் ஒன்றுதான். கண்ணாடி உடைந்ததா என்று பார்க்காதே. அங்கே வந்த ஏழைச் சனத்தில் கடைசி ஆள் உயிரோடும் மானத்தோடும் வீடு போய்ச் சேர்ந்தாளா என்று பார். 1999-இல் சேரவில்லை. 2017-இல் சேரவில்லை. 2018-இல் சேரவில்லை. அந்தக் கட்டடங்கள் எல்லாம் கெட்டியாக நிற்கின்றன.

வருஷா வருஷம் ஜூலை 23 அன்று ஆத்தில் பூப்போடப் போகிறோம். அதற்கும் போலீஸ் அனுமதி, போலீஸ் குறித்த நேரம், போலீஸ் தடுப்பு. செத்தவர்களிடமிருந்தும் கட்டடத்துக்குக் காவல் போடுகிற நாடு இது.

அத்தையின் புது மனுவுக்கு ஒரு நம்பர் கொடுத்திருக்கிறார்கள். பதில் வரவில்லை. அடுத்த திங்கக்கிழமையும் போவோம். பாட்டிலை மோந்து பார்க்கிற அய்யா, மனுவையும் ஒரு தடவை மோந்து பாரும். அதில் இன்னும் ஆத்துத் தண்ணி வாசம் அடிக்கிறது.